பெயர்ப் பொருத்தம்

“அவகிட்ட இருந்து மட்டும் வேணாம், டாக்டர்.”

அகராதி முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். இரண்டு சிறுநீரகமும் கைவிட்ட பிறகும் பெற்ற பெண்ணின் உடம்பில் கத்தி படக்கூடாது என்கிற தகப்பன். பக்கத்துக் கட்டில்காரரின் மனைவி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். இப்படி ஒரு அப்பா கிடைக்கக் கொடுத்துவைத்திருக்க வேண்டும் என்று டயாலிசிஸ் அறை முழுக்க அதே பேச்சு.

அச்சகத்தில் புரூஃப் பார்த்தே தலை நரைத்தவர். ‘அகராதி’ அங்கே ஒட்டிக்கொண்ட பெயர். எந்தச் சொல்லுக்கும் பொருள் சொல்வார் என்பதற்காக வைத்ததா, எவரையும் மதிக்கமாட்டார் என்பதற்காக வைத்ததா என்று கேட்டால், வைத்தவர்கள் சிரித்து மழுப்புவார்கள்.

மகள் விடுவதாக இல்லை. மூக்குக்கண்ணாடிக் கடையில் லீவு சொல்லிவிட்டு வந்து நின்றாள். பெயரைக் கேட்ட நர்ஸ், ஏதிலாவா, கேள்விப்பட்டதே இல்லையே என்று நிமிர்ந்து பார்த்தாள். அப்பா வைத்த பெயர் என்றும், ஏதம் என்றால் குற்றம், ஆகவே குற்றமே இல்லாதவள் என்றும் மகள் விளக்கினாள். சிறு வயதில் அவர் சொல்லிக்கொடுத்ததை ஒரு எழுத்துப் பிசகாமல் ஒப்பித்தாள்.

கேட்டுக்கொண்டு படுத்திருந்த அகராதி போர்வையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டார்.

கல்யாணமான புதிதில் அவருக்கு வெளியூர் அச்சகத்தில் வேலை. வேலையை விட்டுவிட்டு வீடு திரும்பினார், எட்டாம் மாதமே குழந்தை பிறந்தது. விரல் விட்டு எண்ணிப் பார்த்தார். கணக்கு ஒரு மாதம் இடித்தது. குறைப்பிரசவம் என்று டாக்டரம்மா சொன்னதை அவர் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை.

மனைவியை அவர் அடிக்கவில்லை, விரட்டவும் இல்லை. குழந்தைக்கு ஒரு பெயர் வைத்தார், அவ்வளவுதான். பழைய தமிழில் ஏதிலாள் என்றால் உறவில்லாதவள், யாரோ ஒருத்தி. தொட்டிலுக்குப் பக்கத்தில் குனிந்து, மனைவிக்கு மட்டும் கேட்கும்படி அந்த அர்த்தத்தைச் சொன்னார். மற்றவர்களுக்கெல்லாம் குற்றமற்றவள். மனைவி கண்மூடும் வரைக்கும் மகளை ‘குட்டி’ என்றே கூப்பிட்டாள். அந்தப் பெயரை ஒரு தடவைகூட வாயில் எடுக்கவில்லை.

தானம் தருபவர் சொந்த மகள்தானா என்று மரபணுச் சோதனை செய்துவிட்டுத்தான் அந்த ஆஸ்பத்திரியில் கத்தியையே எடுப்பார்கள். குட்டு உடைந்தால் மானமும் போகும், சிறுநீரகமும் போகும். அவர் வேண்டாம் வேண்டாம் என்றது இதனால்தான். ஆனால் நுரையீரலில் நீர் கோத்து மூச்சு முட்டிய ஒரு நாள், மானத்தை உயிராசை தள்ளிவிட்டது. தலையாட்டிவிட்டார்.

ரத்தம் எடுத்தபோது, வலிக்குமா, எத்தனை நாள் படுத்திருக்க வேண்டும் என்றெல்லாம் மகள் விசாரிக்கவில்லை. முடிவு எதுவானாலும் அப்பாவை வைத்துக்கொண்டே சொல்லுங்கள் என்று மட்டும் டாக்டரைக் கேட்டுக்கொண்டாள்.

அவள் கேட்டபடியே டாக்டர் கட்டிலருகே வந்து நின்று சொன்னார். “எல்லாம் நல்லா பொருந்துது. உங்க சொந்தப் பொண்ணுதான், அதுல சந்தேகமே இல்ல. அடுத்த வாரம் ஆபரேஷன் வெச்சுக்கலாம்.”

அகராதி மகளின் முகத்தை நிமிர்ந்து பார்த்தார். ஊரார் எழுத்திலெல்லாம் பிழை பிடித்த மனிதர். டாக்டர் நகர்ந்ததும் மகளின் கையைப் பிடித்துக்கொண்டு குலுங்கினார். குழாய் செருகியிருந்த கை அசைந்ததில் மெஷின் கீச்சிட்டது. நர்ஸ் வந்து அதை அடக்கிவிட்டுப் போனாள். அவர் அழுது ஓயும்வரை மகள் கையை இழுக்காமல் நின்றாள்.

“உங்கம்மாவுக்கு நான் பெரிய பாவம் பண்ணிட்டேம்மா.”

“அம்மா சாகறப்போ என்கிட்ட கேட்டது ஒண்ணே ஒண்ணுதான். என்னைக்காவது இது உங்க காதுல விழணும்னாங்க. அதுக்காகத்தான் வந்தேன்.”

அவருக்குச் சட்டென்று பிடிபடவில்லை. அவள் கைப்பையைத் தோளில் மாட்டுவதைப் பார்த்த பிறகுதான் பதறினார்.

“அப்போ ஆபரேஷன்?”

அவருடைய விரல்களை மெதுவாகப் பிரித்துப் போர்வைமேல் வைத்தாள் மகள்.

“யாரோ ஒருத்தியோட கிட்னி உங்களுக்கு எதுக்கு?”