கண்ணில் விழுந்தது

“ஊதிடாத! தண்ணியும் படக் கூடாது!”

வேலையிலிருந்து சிவந்த கண்ணோடு வந்த கணவன் கத்திய கத்தலில் மனைவிக்குப் பயம் பிடித்துக்கொண்டது. கையோடு கண் டாக்டரிடம் இழுத்துப் போனாள்.

“கழுவினா ஒரு நிமிஷத்துல போயிடும் சார்,” என்றார் டாக்டர்.

“கழுவாதீங்க டாக்டர்! அப்படியே எடுங்க.”

“வீட்டுலயும் இதே கூத்துதான். கண்ணு போனா திரும்பி வருமா டாக்டர்?” மனைவி அங்கலாய்த்தாள்.

டாக்டர் இமையைப் புரட்டி, பஞ்சு நுனியால் ஒற்றியெடுத்தார்.

“கறுப்பா ஒரு துணுக்கு. கண்ணுல கீறல்கூட இல்ல.” பஞ்சைக் குப்பைக்கூடைப் பக்கம் கொண்டுபோனார்.

கணவன் பாய்ந்து அவர் கையைப் பிடித்தான்.

“கண்ணு கிடக்கட்டும் டாக்டர், தூசி பத்திரம்! விண்கலம் அனுப்பி, ஒரு சிறுகோள்லேருந்து அள்ளிட்டு வந்தது. பூமி உருவாகறதுக்கு முன்னாடியே சூரியனைச் சுத்தின தூசி! எங்க ஆய்வகத்துல மூடியைத் திறந்த நேரம் பார்த்து ஒருத்தர் தும்மிட்டார். எல்லாரும் இன்னும் தரையில தவழ்ந்து தேடுறாங்க. வர்ற வழியில கண்ணு உறுத்தினப்பதான் எனக்குச் சந்தேகமே வந்துச்சு!”

டாக்டர் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஓடிப்போய் மின்விசிறியை நிறுத்தியவள் மனைவிதான்.

“ஏங்க, பூமிக்கே மூத்தவங்க வந்திருக்காங்கன்னு வாசல்லயே சொல்ல மாட்டீங்களா? ஊதித் தள்ளியிருப்பேனே!”