கஸ்பார் தண்டலின் சந்தேகங்கள்

"படகு ஆடுமா, வாத்தியாரே?"

பொன்னுதுரை வாத்தியார் கையிலிருந்த பேனாவை மேசைமேல் வைத்துவிட்டு, இன்னொரு தடவை கேட்கச் சொன்னார். ஏனென்றால் கேட்டவர் கஸ்பார் தண்டல்.

தோணிக்குத் தலைவனைத் தூத்துக்குடியில் தண்டல் என்பார்கள். கஸ்பார் முப்பத்தெட்டு வருஷம் தண்டலாக இருந்தவர். கொழும்புக்கும் கொச்சிக்கும் அவர் பாய் விரித்துப் போனால், எதிரே வருகிற புயல் அவரை அடையாளம் கண்டு ஒதுங்கி வழிவிடும் என்று துறைமுகத்தில் பேச்சு. ஒரு தடவை அவர் போட்ட தும்மலில் பாய் புடைத்து, தோணி ஒரு நாள் முன்னதாகவே கொழும்பு போய்ச் சேர்ந்ததாம். கட்டுப்பாடும் அதற்கேற்றபடிதான். அவர் தோணியில் விசில் அடிக்கக் கூடாது, செருப்போடு நிற்கக் கூடாது, பெண்பிள்ளை கால் வைக்கக் கூடாது, முக்கியமாகச் சமையல்காரன் பாடக் கூடாது.

அப்பேர்ப்பட்ட மனுஷர்தான் ஆலப்புழைக் கால்வாயில் படகு ஆடுமா என்று கேட்கிறார்.

புதுத் துறைமுகம் திறந்ததற்கு அடுத்த வருஷம் அது. பள்ளிக்கூடத்திலிருந்து ஓய்வு பெற்றிருந்த பொன்னுதுரை வாத்தியார், சும்மா இருக்க மாட்டாமல் ஒரு சுற்றுலா ஏற்பாடு செய்திருந்தார். 'கிழக்கின் வெனிஸ் ஆலப்புழை. பழம்பெரும் நகரைப் படகிலேயே சுற்றிப் பாருங்கள். விளக்கிச் சொல்ல கைடு உண்டு' என்று ரோஸ் கலரில் நோட்டீஸ். நாற்பத்தெட்டுப் பேர் சேர்ந்துவிட்டார்கள். ஐம்பது நிறையாவிட்டால் பஸ் புறப்படாது என்று பஸ்காரர் கறாராகச் சொல்லிவிட்டார். இன்று சாயங்காலம்தான் கடைசி. நோட்டீஸைக் கையில் பிடித்துக்கொண்டு வந்த ஒரே ஆள் கஸ்பார் தண்டல்.

"ஆடாது அண்ணாச்சி. தொட்டில்கூட ஆடும், இது ஆடாது" என்றார் வாத்தியார்.

தண்டலுக்கு அது போதவில்லை. படகில் ஏறுகிற இடத்தில் பலகை போடுவார்களா, அது எத்தனை அகலம், பிடித்துக்கொள்ளக் கம்பி உண்டா என்று விசாரித்தார். முதுகு சாய இடம் உண்டா என்றார். தண்ணீர் எத்தனை ஆள் ஆழம் என்றார். படகுக்காரன் குடிப்பானா, குடித்தால் காலையிலேயே குடிப்பானா என்றும் தெரிய வேண்டியிருந்தது. தலை சுற்றினால் வழியில் எலுமிச்சம்பழம் கிடைக்குமா என்று கேட்டபோது வாத்தியாருக்கே தலை சுற்றியது.

பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஜவுளிக்கடை காசிலிங்கத்தால் பொறுக்க முடியவில்லை. குடும்பத்தோடு ஐந்து சீட்டு எழுதியிருந்தவர் அவர். பஸ் போகாவிட்டால் வீட்டில் பதில் சொல்லி மாளாது.

"எங்க வீட்டுல பழைய லாரி டியூப் ஒண்ணு கெடக்கு அண்ணாச்சி. காத்தடிச்சுக் கொண்டாரட்டா? இடுப்புல மாட்டிக்கிடலாம்."

இரண்டு வருஷத்துக்கு முன்னால், தோணியில் இருந்த காலத்தில், இப்படிப் பேசியிருந்தால் காசிலிங்கத்தை அப்படியே தூக்கி முயல் தீவுப் பக்கம் எறிந்திருப்பார் தண்டல். இப்போது திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"ஆலப்புழை லைட் ஹவுஸ நான் நானூறு தடவ பாத்திருக்கேன் வாத்தியாரே. எல்லாம் கடல்ல இருந்துதான். ஊருக்குள்ள என்ன இருக்குன்னு ஒண்ணும் தெரியாது. உம்ம கைடு ஒழுங்கா சொல்லுவாரா? ஒண்ணுமே பாக்காத ஆளுக்கும் வெளங்குத மாதிரி?"

கைடு பேசுகிற பேச்சில் அந்தக் கால்வாய் மீன்களுக்கே ஊர்ச் சரித்திரம் மனப்பாடம் என்று வாத்தியார் அளந்தார். பழைய பண்டகசாலை, கயிறு முறுக்குகிற கொட்டகை, கடைத்தெரு, வளைந்து வளைந்து வரும் பாலங்கள் என்று விரலை மடக்கினார். தண்டல் தலையை ஆட்டிக்கொண்டே கேட்டார். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு குரலைத் தாழ்த்தினார்.

"கால்வாய் ஓரமா நடக்க வழி இருக்கா? படகுக்குச் சமமா ஒரு ஆளு நடந்தே வந்துரலாமா?"

வாத்தியாருக்கு ஐயோ பாவமாகிவிட்டது. துடுப்புப் படகுதான், நடக்கிற வேகம்தான், இரண்டு கரையிலும் ரோடு இருக்கிறது என்றார்.

"பாலத்துல நின்னா படகுல இருக்கவுக மொகம் தெரியுமா?"

"நல்லாத் தெரியும் அண்ணாச்சி."

தண்டலின் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம். கலங்கரை விளக்கம் தோற்றது. "அப்போ எழுதும். பஸ்ஸுல ரெண்டு, படகுல ஒண்ணு."

காசிலிங்கம் சிரித்த சிரிப்பில் ஓட்டின்மேல் இருந்த காக்கைகள் கிளம்பி, தருவைகுளம் போய்த்தான் இறங்கின. "கொழும்புக் கடலத் தாண்டுன ஆளு கால்வாயில கரையோட நடந்து வாராராம். ஊருக்குள்ள சொன்னா நம்புவானுவளா?"

"தாராளமா சொல்லும் வே" என்றார் தண்டல்.

பஸ் நிறைந்த சந்தோஷத்தில் வாத்தியார் பேனாவை எடுத்து, படகில் ஏறப்போவது யார், பேரைச் சொல்லுங்கள் என்றார்.

"எம் பொண்டாட்டி மரியசெல்வி" என்றார் கஸ்பார் தண்டல். "தோணியில பொம்பள கால் வைக்கக் கூடாதுன்னு முப்பத்தெட்டு வருசமா அவளக் கரையிலயே நிறுத்திட்டுப் போனேன், அவளும் நான் கண்ணுக்கு மறையுத மட்டும் நின்னு கையாட்டுனா, இந்தத் தடவ அவ போவட்டும், நான் கரையில நின்னு கையாட்டுதேன்."