பேசிக்கிட்டே நடங்க

வேனுக்குள் காலை வைத்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

பின் வரிசை ஜன்னலோரம் அவள் தங்கை.

எட்டே பேர் போகிற வண்டி. வடக்கே பனிமலைப் பக்கம் இரண்டு தேசியப் பூங்காக்களைத் தமிழ்ப் பயணிகளுக்கு ஒரே நாளில் சுற்றிக் காட்டும் பயணம். ஊரில் இத்தனை வண்டி ஓட, இவளுக்கு இதுதானா கிடைத்தது?

"வாங்கம்மா, அந்த ஒரு ஸீட்தான் பாக்கி," என்றார் வழிகாட்டி. டிரைவரும் அவரேதான்.

பாக்கி இருந்தது தங்கைக்குப் பக்கத்து ஸீட்.

பெரியவள் உட்கார்ந்தாள். கைப்பையைத் தூக்கி நடுவில் வைத்தாள்.

தங்கை திரும்பி லேசாகச் சிரித்தாள். வாயைத் திறக்கவில்லை.

'அழுத்தக்காரி!' பெரியவள் பல்லைக் கடித்தாள்.

பேச்சை விட்டு வருஷக்கணக்கு ஆகிறது. பெரியவள் தன் மகளுக்கு ஒரு மாப்பிள்ளையைப் பேசி முடித்த அன்று, சம்பந்தி வீட்டார் வீடு நிறைய உட்கார்ந்திருக்கும்போதே, "இந்த இடம் வேண்டாங்க்கா, பையன் குடிப்பான்" என்று தங்கை போட்டு உடைத்தாள். பெரியவள் கத்தித் தீர்த்து அவளை வெளியே அனுப்பினாள். கல்யாணமும் நடந்தது. கொஞ்ச நாளிலேயே மகள் பெட்டியோடு திரும்பி வந்தாள்.

தங்கை சொன்னது பலித்துவிட்டது. பெரியவளால் மன்னிக்க முடியாததும் அதைத்தான்.

இந்தப் பயணத்துக்கு டிக்கெட் போட்டுக் கொடுத்தவள் அந்த மகள்தான். 'தையல் மிஷினை விட்டு ஒரு நாளாவது எழுந்திரும்மா' என்று பிடித்துத் தள்ளாத குறையாக அனுப்பிவைத்திருந்தாள்.

வண்டி வளைந்து வளைந்து ஏறியது. தங்கைக்குச் சின்ன வயதிலிருந்தே மலைப்பாதை ஆகாது. இப்போதும் முகம் வெளுத்து, காகிதப்பையைக் கையில் பிடித்துக்கொண்டாள்.

'இந்த உடம்பை வெச்சுக்கிட்டு இவளுக்கு மலை எதுக்கு? நான் தோத்துப்போய் நிக்கறதைக் கண்ணாரப் பார்க்கணும். அதுக்குத்தான்.'

அப்படி நினைக்கும்போதே பெரியவளின் கை தன்னால் பைக்குள் போய் ஒரு புளிப்பு மிட்டாயை எடுத்தது. கொடுக்கலாமா என்று ஒரு கணம் யோசித்தாள். பிறகு அதைப் பிரித்துத் தன் வாயிலேயே போட்டுக்கொண்டாள்.

முதல் பூங்காவில் ஏரிவரை நடக்க வேண்டும்.

"கரடி இருக்கிற காடு. ரெண்டு ரெண்டு பேரா போங்க, பேசிக்கிட்டே நடங்க," என்றார் வழிகாட்டி. "மனுஷக் குரல் கேட்டா அது தானா ஒதுங்கிடும். சத்தமில்லாம எதிர்ல போய் நின்னாத்தான் வம்பு."

மற்ற ஆறு பேரும் மூன்று ஜோடி. மிச்சம் இவர்கள் இருவர்.

முன்னால் போன புதுமணத் தம்பதிக்குச் சிரிப்பு ஓயவில்லை. அவர்களுக்குப் பின்னால் ஒரு வயதான கணவனும் மனைவியும் சண்டை போட்டபடியே நடந்தார்கள். எந்தக் கரடியும் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுத்திருக்காது.

கடைசியில் அக்காவும் தங்கையும். ஊமை ஊர்வலம்.

கொஞ்ச தூரம் போனதும் தங்கை கைதட்ட ஆரம்பித்தாள். நாலடி நடப்பாள், தட்டுவாள். மறுபடி நடப்பாள், தட்டுவாள்.

'கை சிவக்கத் தட்டினாலும் தட்டுவா, அக்கான்னு ஒரு வார்த்தை வராது. என்ன திமிர்!'

வழுக்குப் பாறை ஒன்று வந்தது. மேலே ஏறிய தங்கை கையை நீட்டினாள். பெரியவள் அதைப் பார்க்காதவள்போல ஒரு மரத்தைப் பிடித்துக்கொண்டு ஏறினாள். உள்ளங்கையெல்லாம் பிசின்.

இரண்டாவது பூங்காவில் மலை விளிம்பில் நிறுத்தினார்கள். சாய்ந்த வெயிலில் எதிரே இருந்த பனிச்சிகரங்கள் பொன்னாக மின்னின. பெரியவள் தங்கை பக்கம் திரும்பினாள். 'எவ்வளவு அழகு பாருடி' என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது.

'சின்னவ அவதானே? முதல்ல அவ பேசட்டும்.' விழுங்கிவிட்டாள்.

அப்போது அந்தப் புதுப்பெண் ஓடிவந்தாள். "ஆன்ட்டி, நீங்க ரெண்டு பேரும் அக்கா தங்கச்சியா? மூக்கு அச்சுல வார்த்த மாதிரி அப்படியே இருக்கு!"

தங்கை பதில் சொல்லாமல் அக்காவின் முகத்தையே பார்த்தாள்.

"சேச்சே, இல்லம்மா. வண்டியில பக்கத்து ஸீட், அவ்வளவுதான்," என்றாள் பெரியவள்.

தங்கை மெல்லத் தலையாட்டிவிட்டு வண்டியை நோக்கி நடந்தாள்.

திரும்பும் வழியில் அவள் விமான நிலைய வாசலில் இறங்கினாள். இறங்கும்போது அவள் கை பெரியவளின் தோளில் பட்டது. வேண்டுமென்றே பட்டதா, தெரியவில்லை. வழிகாட்டி பின்பக்கத்திலிருந்து இரண்டு பெரிய பெட்டிகளை இறக்கிக் கொடுத்தார்.

மற்றவர்களும் அவரவர் விடுதியில் இறங்கிவிட, வண்டியில் மிச்சமிருந்தவள் பெரியவள் மட்டும்தான்.

"என்னம்மா, தங்கச்சிகூடப் பேசினீங்களா?" என்று கண்ணாடியில் பார்த்தபடி கேட்டார் வழிகாட்டி.

அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. "அவ என் தங்கச்சின்னு உங்களுக்கு யார் சொன்னா?"

"அவங்களேதாம்மா. உங்க பொண்ணுகிட்ட தேதி கேட்டு, இதே வண்டியில இடம் பிடிச்சாங்க. பக்கத்து ஸீட்டை உங்களுக்கு வைக்கச் சொன்னதும், ஜோடியா நடக்கவிடச் சொன்னதும் அவங்கதான். ராத்திரி ஃப்ளைட்ல மகன்கிட்ட போறாங்க. இனிமே வெளிநாட்டுலதானாம். திரும்பி வர்ற மாதிரி இல்லன்னாங்க."

"இதை என்கிட்ட சொல்ல அவளுக்கு வாயில்லையா?" பெரியவளின் குரல் உடைந்தது. "நாள் பூரா பக்கத்துலதானே உட்கார்ந்திருந்தா!"

வழிகாட்டி வண்டியின் வேகத்தைக் குறைத்தார்.

"நானும் அதைத்தாம்மா கேட்டேன். 'நானாக் கூப்பிடற வரைக்கும் என்கிட்ட வாயைத் திறக்காதேன்னு அக்கா சொல்லியிருக்காங்க. இன்னைக்காவது கூப்பிட்டுட மாட்டாங்களான்னுதான் வந்தேன்'னாங்க."