பத்மாசனத்தில் ஒரு தேசிய கீதம்

எல்லோரும் எழுந்துவிட்டார்கள். நான் எழவில்லை.

எழ முடியவில்லை. இரண்டு கால்களும் ஒன்றின்மேல் ஒன்றாகப் பின்னிக்கொண்டு, பிரிய மாட்டேன் என்று அடம்பிடித்தன.

மேடைக்குக் கீழே கிராமபோனில் தேசிய கீதம் ஓடிக்கொண்டிருந்தது. மலாய் நாடு சுதந்திரம் அடைந்து அன்றோடு ஒரு வருஷம். மலாக்காவில், காஜா பெராங் மண்டபத்தில் இருநூறு பேர் விறைப்பாக நிற்கிறார்கள். சொற்பொழிவாளரான நான் மட்டும் மேடை நடுவில் பிடித்துவைத்த பிள்ளையாராக உட்கார்ந்திருக்கிறேன்.

தவறு என்னுடையதுதான். நான் தத்துவத்தில் எம்.ஏ., அதிலும் யோக தத்துவம். உலகச் சண்டைக்கு முன்பே மெட்ராஸிலிருந்து கப்பலேறி வந்து, இருபது வருஷமாக யோகத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறேன். ஒரு நாளும் செய்ததில்லை. சமையல் புத்தகம் எழுதுகிறவன் அடுப்பு மூட்டியே ஆக வேண்டுமா என்ன?

அன்றும் பேசிவிட்டு இறங்கியிருப்பேன். முன்வரிசையில் இருந்த சாரதாம்பாள் விடவில்லை. மலாக்கா செட்டிக் குடும்பங்களுக்குப் பிரசவம் பார்க்கிற மருத்துவச்சி. அவளும் அந்தப் பழைய தமிழ் வம்சம்தான்; சாமி கும்பிடுவது நம்மைப் போல, பேசுவது மலாய். ஒன்றேகால் மணி நேரம் நான் பொழிந்த தமிழில் நாலு வார்த்தை புரிந்திருந்தால் அதிகம். ஆனால் ஆளைச் சரியாகப் புரிந்துகொண்டாள். சாரோங் கைலியும் கெபாயாச் சட்டையுமாக எழுந்து நின்று, “சிக்கு, சாக்காப் சாஜா கா?” என்று கேட்டாள்.

வாத்தியாரே, வெறும் பேச்சுதானா என்று அர்த்தம். கூட்டம் சிரித்தது. எனக்கு ரோஷம் வந்துவிட்டது.

வேட்டியை இழுத்துச் செருகிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்தேன். வலது காலைத் தூக்கி இடது தொடையில் வைத்தேன். இடது காலை வலது தொடைக்கு இழுத்தபோது உள்ளே ஏதோ கடக் என்றது. கைதட்டினார்கள். பேச்சு முடிந்தது என்று நினைத்து யாரோ கிராமபோனைத் திருகிவிட்டார்கள்.

அப்போதுதான் முன்வரிசைப் பிரம்பு நாற்காலி ஞாபகத்துக்கு வந்தது. அது தலைமை விருந்தினர் ராஜரத்தினத்துக்குப் போட்டது. யாழ்ப்பாணத்துக்காரர். குடியுரிமை மனுக்களைப் பார்க்கிற அதிகாரி. என் மனு அவர் மேசையில் மூன்று மாதமாகக் கிடக்கிறது, வருகிற திங்கட்கிழமை நேர்காணல். நாட்டுப் பாட்டுக்கு எழுந்து நிற்காதவனை எந்த நாடு சேர்த்துக்கொள்ளும்?

மனைவியும் மூன்று பிள்ளைகளும் இங்கே, நான் மெட்ராஸில் என்று நினைத்துப் பார்த்தேன். காலைப் பிடித்து இழுத்தேன். கால் இன்னும் இறுகியது.

ஒரே ஓர் ஆறுதல். கொடிக்கம்பம் வாசலுக்கு வெளியே இருந்தது. பாட்டு தொடங்கியதும் மொத்தக் கூட்டமும் வாசல் பக்கம் திரும்பிவிட்டது. எனக்குத் தெரிந்ததெல்லாம் முதுகுகள்தான். ஒருவரும் என்னைப் பார்க்கவில்லை.

ஒருவர் பார்த்தார். ராஜரத்தினம்.

நேராக என் கண்ணையே பார்த்தார். நான் சட்டென்று கண்களை மூடிக்கொண்டேன். சமாதியில் இருக்கிறான் என்று நினைத்துக்கொள்ளட்டும். கொஞ்ச நேரம் கழித்து ஒற்றைக் கண்ணைத் திறந்தேன். இன்னும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். முகமெல்லாம் வியர்த்து, பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார். அவ்வளவு கோபம்.

பாட்டு முடிந்தது. கூட்டம் அப்படியே வாசல் வழியாக நாசி லெமாக் சாப்பிடப் போய்விட்டது.

சாரதாம்பாள் மட்டும் மேடையேறி வந்தாள். என்னை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தாள். பையிலிருந்த எண்ணெய்க் குப்பியைத் திறந்து தடவினாள். முழங்காலுக்குப் பின்னால் கட்டைவிரலால் ஓர் அழுத்து, பாதத்தைப் பிடித்து ஒரு திருப்பு. கால் பிரிந்துவிட்டது. சாப்பாடு தீர்ந்துவிடும் என்ற அவசரத்தில் குப்பியை அங்கேயே விட்டுவிட்டு ஓடினாள்.

மண்டபத்தில் மிச்சம் நாங்கள் இரண்டு பேர். நாற்காலியில் இருந்தபடியே ராஜரத்தினம் விரலை அசைத்துக் கூப்பிட்டார். நொண்டிக்கொண்டே போய்க் கைகட்டி நின்றேன்.

“மாஸ்டர், சத்தம் போடாதேங்கோ,” என்றார், வாசலைப் பார்த்துக்கொண்டே. “நானும் எழும்பேல்லை.”

முழங்கால் பிடித்துக்கொண்டதாம். என் சொற்பொழிவில் முக்கால் மணி நேரம் தாண்டியபோதே பிடித்துவிட்டதாம். அரசாங்க அதிகாரி, தலைமை விருந்தினர் வேறு. வெளியே தெரிந்தால் மானமும் போய்விடும், வேலையும் போய்விடும். சாரதாம்பாளை அழைத்து வருகிறேன் என்றேன். என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். இன்னோர் ஆளுக்குத் தெரியக் கூடாதாம். நானே செய்ய வேண்டுமாம்.

தத்துவத்தை விட்டு யோக சிகிச்சைக்கு எப்படி வந்தீர்கள் என்று இப்போது என்னிடம் வருகிற நோயாளிகள் கேட்பதுண்டு. உள்ளிருந்து ஒரு குரல் அழைத்தது என்று சொல்லிவைத்திருக்கிறேன்.

குப்பியை எடுத்து வந்து மண்டியிட்டேன். காற்சட்டையைச் சுருட்டிவிட்டு, எண்ணெய் தடவி, அவள் அழுத்திய இடம் எது என்று தேடினேன். இருபது வருஷம் படித்ததில் ஒரு வரிகூட உதவிக்கு வரவில்லை. இரண்டு தடவை இடம் தப்பியது. அவர் அம்மாவைக் கூப்பிட்டார், மெதுவாகத்தான். மூன்றாவது தடவை விரலுக்குக் கீழே ஏதோ நழுவி இடத்தில் உட்கார்ந்தது.

ராஜரத்தினம் என் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். ஓர் அடி வைத்துப் பார்த்தார். இன்னோர் அடி வைத்தார். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

அவர் காற்சட்டையை இறக்கிவிட்டு, வாசலுக்கு வெளியே பறந்த கொடியைப் பார்த்து விறைப்பாக நின்றார். நானும் வேட்டியைச் சரிசெய்துகொண்டு பக்கத்தில் நின்றேன்.

பாட்டு எவ்வளவு நேரம் ஓடுமோ, அவ்வளவு நேரம் நின்றோம்.