பிரேக் வைத்த சைக்கிள்

சைக்கிளில் ஊர் சுற்ற வந்த வெள்ளைக்காரர்களை அரிசி அப்பளம் வார்க்கும் வீட்டில் உட்கார வைத்துவிட்டு, வழிகாட்டி டோவான் எதிரே இருந்த பட்டறைக்குள் நுழைந்தான்.

“சுயென் அக்கா, என் பொண்ணு சைக்கிள் ஆச்சா?”

“ஆச்சு தம்பி. மஞ்சள் கலரு, முன்னாடி கூடை, மணி. எல்லாம் நீ சொன்னபடிதான்.”

டோவான் குனிந்து பார்த்தான். “பிரேக் எங்கக்கா?”

“இதுல யாருப்பா பிரேக் கேக்கறா?”

“நான் கேக்கறேன். பழைய சைக்கிள்ல பிரேக் பிடிக்கலப்பான்னு லியென் சொல்லிக்கிட்டே இருந்தா. வர்றவங்க சைக்கிளுக்கெல்லாம் தினம் பிரேக் பாக்கறவன், அவ சைக்கிளுக்கு மட்டும் நாளைக்கு, நாளைக்குன்னேன்.”

சுயென் கத்தரிக்கோலை எடுத்து உட்கார்ந்தாள். கைப்பிடியின் இரண்டு பக்கமும் பிரேக் வந்தது.

“மழை வர்ற மாதிரி இருக்கு. நனையாம கொண்டு போ.”

எதிர்வீட்டிலிருந்து ஒரு வெள்ளைக்காரப் பெண் குரல் கொடுத்தாள். “உங்க மகளுக்கா? அழகா இருக்கே! எப்போ குடுக்கப் போறீங்க?”

“சாயங்காலம் அவகிட்டப் போய்ச் சேர்ந்துடும்.”

சாயங்காலம் டோவான், லியென் சைக்கிளோடு கால்வாயில் விழுந்த பாலத்தடிக்குப் போனான். ஊதுபத்தி ஏற்றினான். செத்தவர்களுக்கு எரித்து அனுப்புவதற்காக, மூங்கில் குச்சியில் காகிதம் ஒட்டிச் செய்த அந்தச் சைக்கிளைக் கரையில் நிறுத்தினான்.

தீக்குச்சியை உரசுவதற்கு முன்னால், காகிதப் பிரேக்கை ஒரு தரம் மெல்ல அழுத்திப் பார்த்தான்.