ஞானசவுந்தரியின் இடது கால்

காலில் ஒட்டிக் காய்ந்திருந்த துணியை ஒரே இழுவையில் உரித்தேன். பாதிதான் வந்தது.

ஞானசவுந்தரி கத்தவில்லை. வாங்குப் பலகையின் விளிம்பை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். புண்ணிலிருந்து இரத்தம் கசிந்து குதிக்கால்வரை வந்தது.

“விடுங்கோ சேர். மிச்சத்தை நான் பாக்கிறன்.”

புதிதாக வந்த தாதி, மிஸி ஜசிந்தா, குறுக்கே வந்து நின்றாள். மண்டைதீவுக்காரி. எங்கள் தீவுக்கு வந்து அன்றைக்கு நாலாம் நாள். நான் இந்த மருந்துச்சாலையில் பதினொரு வருட அப்போதிக்கரி. டொக்டர் இல்லாத தீவில் டொக்டரும் நான்தான்.

“பாரும், பாரும்” என்று துணியை இழுத்த சாவணத்தைத் தட்டில் போட்டேன். “சொல்வழி கேளாத கால் அது.”

வாசலில் வரிசையாக நின்ற சனம் எட்டிப் பார்த்தது.

ஞானசவுந்தரிக்கு ஐம்பது வயது இருக்கும். கடலுக்குப் போய்த் திரும்பாத இன்னாசித்தம்பியின் பெண்சாதி. புண் வந்து நாலு வருடம். உட்கணுக்காலுக்கு மேலே உள்ளங்கையளவு. சுற்றிவரத் தோல் கறுத்துத் தடித்திருந்தது. அதற்கு மேலே நரம்புகள் முறுக்கிப் புடைத்திருந்தன. நெடுநேரம் நிற்பதால் வருகிற வருத்தம்.

நில்லாதே, காலைத் தலையணையில் உயர்த்தி வை, கட்டை அவிழ்க்காதே. ஒவ்வொரு புதன்கிழமையும் சொல்வேன். “ஓம் ஐயா” என்று தலையாட்டுவாள். அடுத்த புதன் கால் வீங்கி, கட்டும் இல்லாமல், ஏதோ ஒரு கந்தலைச் சுற்றிக்கொண்டு வந்து நிற்பாள்.

அது எழுபத்துநாலாம் ஆண்டு. ஊர்காவற்றுறையிலிருந்து மோட்டர் வள்ளத்தில் வருகிற மருந்துப் பெட்டி பாதி வெறுமையாகவே வரும். புண்ணுக்குப் போடுகிற கோஸ் துணி கண்ணிலும் காணக் கிடையாது. அவள் அவிழ்த்தெறிந்த பன்டேச்சுகளை நினைத்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

போன கிழமை எல்லாருக்கும் முன்னால் சொல்லியிருந்தேன்: “யாழ்ப்பாணத்துக்கு அனுப்பிக் காலை எடுப்பிச்சால்தான் நீ ஒரு இடத்திலை இருப்பாய்.”

ஜசிந்தா இப்போது நிலத்தில் அமர்ந்தாள். வெள்ளைச் சீருடையோடு, வெறும் சீமெந்து நிலத்தில். ஞானசவுந்தரியின் காலைத் தூக்கித் தன் மடியில் வைத்தாள். ஆறவைத்த உப்புநீரைத் துணியில் மெல்ல ஊற்றி, அது தானாக இளகும்வரை காத்திருந்தாள்.

ஒரு காலுக்கு இவ்வளவு நேரம் போனால் மற்றச் சனத்தை யார் பார்ப்பது?

“அக்கா, இந்தப் புண்ணாலை உங்களுக்கு ஆகப்பெரிய கரைச்சல் என்ன?”

நோவு என்று சொல்வாள் என நினைத்தேன்.

“மணம், பிள்ளை” என்றாள் ஞானசவுந்தரி. “பூசைக்குப் போனால் பக்கத்திலை இருக்கிற சனம் எழும்பிப் போயிடும்.”

அதற்காகத்தான் நானும் அவளை வரிசையின் கடைசியில் நிற்கவைப்பது.

“மிஸி, கதை கேக்கிறதுக்கு இஞ்சை ஆள் வைக்கேல்லை” என்றேன்.

“கேளாமல்தான் நாலு வருசம் போச்சுது, சேர்.”

யாரும் என்னோடு அப்படிப் பேசியதில்லை. அவள் என் பக்கம் திரும்பவும் இல்லை.

“கட்டை ஏன் அக்கா அவிழ்க்கிறனீங்கள்?”

“நிண்டு நிண்டு மத்தியானத்துக்கிடையிலை கால் ரெண்டு மடங்காய் வீங்கும். கட்டு இறுக்கி உயிர் போகும். அவிழ்க்காமல் ஏலாது பிள்ளை.”

“எங்கை நிக்கிறனீங்கள்?”

ஞானசவுந்தரி சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். ஒரு வீட்டில் சமையல். விடிய நாலரைக்கு அடுப்பு மூட்டுவது. பிறகு உடுப்புத் தோய்ப்பது. கிணற்றில் அள்ளித் தொட்டி நிரப்புவது. இரவுச் சாப்பாடு கொடுத்து, சட்டி பானை கழுவிய பிறகுதான் தன் வீட்டுக்குப் போவது. அந்தக் குசினியில் குந்தியிருக்க ஒரு பலகைகூட இல்லை.

“அந்த வீட்டுக்காரருக்குக் கண் இல்லையோ?” ஜசிந்தாவின் குரல் வாசல்வரை கேட்டது. “ஒவ்வொரு நாளும் இந்தக் காலைப் பாத்துக்கொண்டுதானே அந்தாள் சாப்பிடுது?”

நான் அலுமாரியைத் திறந்து போத்தல்களை நேராக்கினேன்.

கால் உயர்ந்திருக்கும்போதே, விரலடியிலிருந்து முழங்காலுக்குக் கீழ்வரை, சுருக்கமில்லாமல் கட்டினாள் ஜசிந்தா. ஒவ்வொரு சுற்றுக்கும் இறுக்குதா என்று கேட்டாள். பிறகு ஒரு கடதாசித் துண்டை எடுத்து எழுதினாள். இரண்டு மாதத்துக்கு நின்றபடி வேலை செய்யக்கூடாது. சமைப்பது கதிரையில் இருந்தபடி. தண்ணீர் அள்ளக்கூடாது. மத்தியானம் ஒரு மணித்தியாலம் காலை உயர்த்திப் படுக்கவேண்டும்.

எழுதியதை என் மேசையில் வைத்தாள்.

“நீங்களும் கையெழுத்து வையுங்கோ சேர். அரசாங்க முத்திரையைக் கண்டால்தான் அந்தாள் பயப்பிடும்.”

வரிசையில் யாரோ இருமினார்கள். ஒருத்தி சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டாள்.

பேனையில் மை வரவில்லை. இரண்டு தரம் உதறினேன். கையெழுத்து வைத்து, முத்திரையும் குத்திக் கொடுத்தேன்.

ஞானசவுந்தரி துண்டை வாங்கினாள். எழும்பி, கட்டிய காலை ஊன்றிப் பார்த்தாள். வாசலுக்குப் போகவில்லை. அந்தத் துண்டை இரண்டு கையாலும் என்னிடமே நீட்டினாள்.

“மத்தியானத்துக்கு மீன் வெட்டி மூடிவைச்சிட்டு வந்தனான் ஐயா” என்றாள். “உங்கடை குசினிக்குள்ளை ஒரு கதிரை எடுத்துப் போடட்டோ?”

ஜசிந்தா நிலத்திலிருந்து எழும்பி, சீருடையைத் தட்டிவிட்டு, என்னையே பார்த்தபடி நின்றாள்.

“ஓம்” என்றேன்.

“கேக்கேல்லை, சேர்” என்றாள் ஜசிந்தா.