ஓங்கி ஒன்று, மெல்ல ஒன்று

கல்குவாரியில் சம்மட்டி பிடித்த கையால்தான் சூசை கச்சேரிகளில் கீபோர்டு வாசித்தான். அவன் செத்தபின் அந்தப் பழைய கீபோர்டுப் பெட்டியின் ஒலிகளைக் கம்ப்யூட்டரில் பதிந்துவைக்க ஒலிப்பதிவுக்காரன் எமில் வந்தான்.

“அவரு வாசிச்ச சத்தம் அப்படியே வருமா தம்பி?” என்றாள் சூசையின் மனைவி லூர்து.

“வரும்க்கா. நீங்க மூச்சுகூட விடக்கூடாது.”

ஒவ்வொரு கட்டையையும் முதலில் ஓங்கி அழுத்திப் பதிந்தான். புருசனே திரும்பி வந்துவிட்டதுபோல் அவள் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திச் சிரித்தாள். அடுத்து விரல் நுனியால் மெல்ல அழுத்தினான். பெட்டி வேறொரு குரலில் முனகியது. அவள் முகம் இறுகிவிட்டது.

“இது எங்கேருந்து வந்துச்சு?”

“இதுவும் இதுக்குள்ள இருந்ததுதான்க்கா. மெல்லத் தொட்டாத்தான் வரும்.”

“இருபது வருசத்துல நான் கேட்டதில்ல. அதை அழிச்சிரு தம்பி. அது யாரோ.”